மேற்குத் தொடர்ச்சி மலை ஒரு காலத்தில் இமயத்தைவிட உயரமாக இருந்ததா?

ஜூன் 4, 2024, இரவு 9:15
வாசகர் கேள்வி

தேனியில் பன்னிரண்டாம் வகுப்பு படிக்கிறேன். எங்கள் டியூஷன் ஆசிரியர் சொன்னது இது: மேற்குத் தொடர்ச்சி மலை இமயமலையைவிடப் பல கோடி ஆண்டுகள் மூத்தது. ஒரு காலத்தில் இமயத்தைவிட உயரமாக நின்றது. மழையும் காற்றும் அரித்து அரித்து இன்றைய உயரத்துக்கு வந்துவிட்டது. இது சரியா? சரியென்றால் உலகத்தில் உள்ள குட்டையான மலைத்தொடர்கள் எல்லாம் இப்படித் தேய்ந்தவைதானா?

ஜூன் 4, இரவு 10:50

மூத்தது என்பது சரி. இமயத்தைவிட உயரமாக நின்று தேய்ந்தது என்பது தவறு. நான் போடிநாயக்கனூர்க்காரன். பன்னிரண்டு வருடம் புனேயில் வேலை பார்த்தேன். இந்த மலையின் இரண்டு முனைகளையும் பலமுறை ஏறி இறங்கியிருப்பதால் பார்த்ததை வைத்தே சொல்கிறேன்.

மும்பையிலிருந்து புனே போகும் ரயில் கர்ஜத் ஸ்டேஷனில் சில நிமிடம் நிற்கும். பின்னால் தள்ளிக்கொண்டு வருவதற்குக் கூடுதல் எஞ்சின்களை அங்கேதான் கோப்பார்கள். பிளாட்பாரத்தில் வடாபாவ் விற்பவர்களிடம் எல்லோரும் கை நீட்டிக்கொண்டிருக்கும்போது கடைசிப் பெட்டியில் 'டக்' என்று ஓர் இடி விழும். எஞ்சின் சேர்ந்துவிட்டது என்று அர்த்தம். அதன்பிறகு சுரங்கம், பாலம், சுரங்கம் என்று ரயில் மூச்சு வாங்கிக்கொண்டு ஏறும். லோனாவாலா வந்ததும் தள்ளிய எஞ்சின்களைக் கழற்றிவிடுவார்கள். கடல்மட்டத்திலிருந்து 600 மீட்டருக்கு மேல் ஏறிவிட்டோம். இனி மறுபக்கம் இறங்க வேண்டும் அல்லவா?

இறங்குவதே இல்லை. முதல் தடவை போனபோது இதுதான் எனக்கு விளங்கவில்லை. லோனாவாலாவிலிருந்து புனே வரை கிட்டத்தட்ட சமதளம். புனே நகரமே 560 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. மலை ஏறினோம், மலையைத் தாண்டவில்லை. மாடிப்படி ஏறி மொட்டை மாடியில் நிற்பது போன்ற நிலை. அங்கே 'மலைத்தொடர்' என்று நாம் சொல்வது தக்காணப் பீடபூமியின் மேற்கு விளிம்பு.

இன்னோர் அடையாளமும் உண்டு. ஜன்னலோரம் உட்கார்ந்து எதிர்ச் சரிவைப் பாருங்கள். கறுப்புப் பாறை வரிவரியாக, அடுக்கின்மேல் அடுக்காக இருக்கும். ஏறத்தாழ 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் பூமி பிளந்து வழிந்த எரிமலைக் குழம்பு உறைந்து உண்டான அடுக்குகள் அவை. எல்லாம் கிடையாகவே கிடக்கின்றன. இமயத்தைப் போல இரண்டு நிலத்தட்டுகள் மோதி எழுந்த மலையாக இருந்தால் அடுக்குகள் பாயைச் சுருட்டியதுபோல மடிந்திருக்கும். இங்கே மோதலே நடக்கவில்லை. நடந்தது பிரிவு. மடகாஸ்கர் இந்தியாவோடு ஒட்டியிருந்தது, சுமார் 8.8 கோடி ஆண்டுகளுக்கு முன் பிரிந்து போனது. பிய்ந்த ஓரம்தான் இந்த மலை.

நீரோட்டமும் அதையே சொல்கிறது. கோதாவரி திரியம்பகத்தில் பிறக்கிறது. அங்கிருந்து அரபிக்கடல் சுமார் 80 கிலோமீட்டர்தான். ஆனாலும் அந்தப் பக்கம் திரும்பாமல் 1,465 கிலோமீட்டர் நடந்து வங்காள விரிகுடாவுக்குப் போகிறது. கிருஷ்ணாவும் அப்படித்தான், காவிரியும் அப்படித்தான். விளிம்பு உயர்ந்து நிலம் கிழக்கே சாய்ந்திருக்கிறது. இந்த மலையில் பிறக்கும் பேராறுகள் எல்லாம் கிழக்கே ஓடுகின்றன.

ஜூன் 5, காலை 6:30

ஒரு சேர்க்கை. வடநாட்டில் 'காட்' என்றால் ஆற்றங்கரைப் படித்துறை. மலையில் ஏறும் வழிக்கும் அதே பெயர். கர்ஜத்துக்கு மேலே உள்ள ஏற்றம் போர் காட்; ரயில் பாதை 1863-இல் திறந்தது. வழிக்கு இருந்த பெயரை ஆங்கிலேயர்கள் மலைக்கே வைத்துவிட்டார்கள். அந்த எரிமலைப் பாறைகளுக்கு 'தக்காண டிராப்' என்று பெயர். டிராப் என்பது ஸ்வீடன் மொழியில் படி. ஆக, பெயரிலும் படி, பாறையிலும் படி. நம்முடைய பழைய பெயர் குடமலை. குடக்கு என்றால் மேற்கு. அழகான பெயர், பாடநூலில் அதையே எழுதியிருக்கலாம்.

ஜூன் 5, இரவு 8:05

கேள்வியின் இரண்டாம் பகுதியை மறந்துவிட்டேன். உண்மையாகவே தேய்ந்து குட்டையான மலைத்தொடர்கள் உண்டு.

நம் நாட்டில் ஆரவல்லி. குஜராத்திலிருந்து ராஜஸ்தான் வழியாக டெல்லி வரை போகிறது. நூறு கோடி ஆண்டுகளுக்கும் முன்பே மடிந்து எழுந்த மலை. இன்று அதன் உச்சி அபு மலையில் உள்ள குரு சிகர், 1,722 மீட்டர். வடக்கே போகப் போகச் சிறுத்து, டெல்லிக்குள் கருவேல மரம் மண்டிய மேடாகத்தான் தெரியும். டியூஷன் ஆசிரியர் ஆரவல்லியைப் பற்றிப் படித்ததை மேற்குத் தொடர்ச்சிக்கு மாற்றிச் சொல்லியிருக்கலாம்.

ரஷ்யாவின் யூரலும் அந்த வகை. ஆசியாவுக்கும் ஐரோப்பாவுக்கும் எல்லை என்று படித்தோமே, அதன் மிக உயர்ந்த சிகரம் நரோத்னயா 1,895 மீட்டர்தான், நம் தொட்டபெட்டாவைவிடக் குறைவு. வட அமெரிக்காவின் கிழக்கோரம் இருக்கும் அப்பலாச்சியனும் அப்படியே. அதன் உறவுப் பாறைகள் ஸ்காட்லாந்தில் இருக்கின்றன. அட்லாண்டிக் திறப்பதற்கு முன் ஒரே மலையாக நின்றவை.

ஜூன் 7, காலை 7:20

கம்பத்திலிருந்து ஒருவர் இரண்டே வரி எழுதியிருக்கிறார்: "பேராறுகள் எல்லாம் கிழக்கே ஓடுகின்றன என்றீர்களே, பெரியாறு எங்கே ஓடுகிறது? பென்னிகுவிக் எதற்கு மலையைக் குடைந்தார்?"

வெட்கமாகப் போய்விட்டது. பெரியாற்றுத் தண்ணீரில் விளைந்த சோற்றைத் தின்று வளர்ந்தவன் நான். பெரியாறு மேற்கே ஓடும் ஆறு. அந்த நீர் வீணே கடலுக்குப் போகிறதே என்றுதான் 1895-இல் அணையைக் கட்டி முடித்து, மலைக்குள் சுரங்கம் வெட்டி, கம்பம் பள்ளத்தாக்குக்கும் வைகைக்கும் திருப்பினார்கள். இன்றும் பொங்கலன்று பென்னிகுவிக் படத்துக்கு மாலை போடும் ஊர்கள் எங்களுடையவை.

முதல் குறிப்பில் எழுதியது மகாராஷ்டிரத்துக்கும் கர்நாடகத்தின் பெரும் பகுதிக்கும் பொருந்தும். தெற்கே பொருந்தாது. திருத்திக்கொள்கிறேன். ஆனால் திருத்தியதோடு விட மனமில்லை. என் வீட்டு வாசலில் நிற்கும் மலை ஏன் வேறு மாதிரி இருக்கிறது? இரவு எழுதுகிறேன்.

ஜூன் 7, இரவு 11:30

போடியிலிருந்து மேற்கே பார்த்தால் மலை சுவர்போல நிற்கும். பஸ் முந்தல் தாண்டியதும் ஏற ஆரம்பிக்கும். 17 கொண்டை ஊசி வளைவுகள். சின்ன வயதில் அப்பாவோடு ஏலத்தோட்டத்துக்குப் போகும்போது விரல் விட்டு எண்ணுவேன். பத்துக்கு மேல் காது அடைக்கும். அப்பா கொஞ்சம் புளிப்பு மிட்டாய் கொடுப்பார். கீழே பார்த்தால் போடி ஊர் தீப்பெட்டிகளைக் கொட்டியதுபோல் கிடக்கும், அதற்கப்பால் காய்ந்த செம்மண் வெளி. வெயில் சுடும். போடிமெட்டு வந்ததும் ஒரே வளைவில் எல்லாம் மாறிவிடும். பனிமூட்டம், ஈரமண் வாசனை, சட்டைக்குள் நுழையும் குளிர். சோதனைச்சாவடி தாண்டினால் ஏலச்செடிகள்.

இப்போது யோசித்துப் பாருங்கள். அந்த ஏற்றம் எந்தப் பக்கத்தில் இருக்கிறது? கிழக்கில். கர்ஜத்தில் செங்குத்துச் சரிவு மேற்குப் பக்கம், கடலைப் பார்த்து இருந்தது. இங்கே அதற்கு நேர்மாறு. போடிமெட்டிலிருந்து பூப்பாறை, தேவிகுளம், மூணாறு என்று மேட்டுநிலமாகவே போய், பிறகுதான் கோதமங்கலம் பக்கம் நீண்டு இறங்குகிறது. தண்ணீரும் பெரும்பாலும் அந்த வழியாகவே மேற்கே போகிறது. எங்கள் ஊர்ப் பக்கம் விழும் கொட்டகுடி ஆறு போன்றவைதான் வைகையில் சேர்கின்றன.

அதாவது தெற்கே இருப்பது பீடபூமியின் ஓரம் என்று ஒரே வரியில் சொல்லிவிட முடியாது. நீலகிரி, ஆனைமலை, ஏலமலை எல்லாம் நான்கு பக்கமும் சரிவுள்ள பெரிய மேடைகள். மேட்டுப்பாளையத்தில் மலை ரயில் ஏறியவர்களுக்கு இது தெரியும். சுமார் 330 மீட்டரில் கிளம்பி 2,200 மீட்டரில் ஊட்டியில் நிற்கும். கல்லாறுக்கும் குன்னூருக்கும் நடுவே பற்சக்கரம் இல்லாமல் ஏறவே முடியாது. அதுவும் கிழக்குச் சரிவுதான். இந்த மலையின் மிக உயர்ந்த இடங்களும் இந்த மேடைகளில்தான் இருக்கின்றன: ஆனைமுடி 2,695 மீட்டர், தொட்டபெட்டா 2,637. மகாராஷ்டிரத்தின் உச்சியான கல்சுபாய் 1,646 மீட்டரோடு நின்றுவிடுகிறது.

நாற்பது வருடமாக அந்த வளைவுகளை எண்ணியிருக்கிறேன், சரிவு எந்தப் பக்கம் என்று ஒரு நாளும் கேட்டதில்லை. கம்பத்து நண்பருக்கு நன்றி.

ஜூன் 8, மதியம் 1:10

பாறையும் வேறு. வடக்கே கறுப்பு எரிமலைப் பாறை, 6.6 கோடி வயது. நீலகிரிப் பாறைக்கு சுமார் 250 கோடி வயது. அந்த வகைக்கு சார்னோகைட் என்று பெயர். பெயர் வந்த கதை சுவையானது. கல்கத்தா நகரத்தோடு சேர்த்துப் பேசப்படும் ஜாப் சார்னாக்கின் கல்லறைக்கு வைத்த கல் நம் பல்லாவரம் பக்கத்துக் கல். 1890களில் தாமஸ் ஹாலண்ட் என்ற நிலவியலாளர் அதை ஆராய்ந்து, கல்லறைக்குள் இருப்பவர் பெயரையே கல்லுக்கு வைத்தார். பறங்கிமலையில் ஏறுபவர்கள் காலடியில் மிதிப்பதும் அதே கல்தான். உடைத்தால் உள்ளே எண்ணெய் தடவியதுபோல் பச்சை கலந்த கறுப்பாக மின்னும்.

ஜூன் 8, மாலை 6:40

சார்னோகைட்டைப் பற்றி எழுதிவிட்டு எழுந்தவன், டீக்கடை வரை போய்விட்டுத் திரும்பி வந்தேன். ஒரு விஷயம் உறுத்துகிறது.

சார்னோகைட் பூமியின் மேற்பரப்பில் உண்டாகிற பாறை இல்லை. 20 கிலோமீட்டருக்கும் கீழே, கடும் சூட்டிலும் அழுத்தத்திலும் வெந்து உருவாவது. அது இன்று தொட்டபெட்டாவில் வெயில் காய்கிறது என்றால் அதன் மேல் இருந்த அத்தனையும் அரிந்து போயிருக்க வேண்டும். அந்தப் பாறையை அப்படி வேக வைத்தவை பழைய மோதல்கள். பாலக்காட்டுக்குத் தெற்கே மதுரைப் பக்கத்துப் பாறைகள் சுமார் 55 கோடி ஆண்டுகளுக்கு முன், கோண்டுவானா என்ற பெருநிலம் ஒன்று சேர்ந்தபோது மறுபடியும் வெந்தவை. அப்போது இங்கே மலைகள் எழுந்தன. பெரிய மலைகளாகவே இருந்திருக்கும்.

ஆகவே டியூஷன் ஆசிரியர் சொன்னதில் ஓர் உண்மை இருக்கிறது. இந்த இடத்தில் ஒரு பழைய மலைத்தொடர் நின்றது, தேய்ந்தது. ஆனால் அது மேற்குத் தொடர்ச்சி மலை இல்லை. அந்தப் பழைய மலை தேய்ந்து தரைமட்டமான பிறகு, நெடுங்காலம் கழித்து, அதே வேர்ப்பாறை மேலே தூக்கப்பட்டு, ஓரம் வெட்டுண்டு நிற்பதுதான் இன்றைய மலை. பாறைக்கு ஒரு வயது, மலைக்கு வேறு வயது. நான்கு நாளைக்கு முன் "தவறு" என்று ஒரே சொல்லில் தள்ளியிருக்கக் கூடாது. ஆரவல்லியோடு குழப்பியிருப்பார் என்று ஊகித்ததும் சரியில்லை. அந்த மாணவி ஆசிரியரிடம் இதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

ஜூன் 10, காலை 9:00

உலகின் இரண்டாவது உயரமான சிகரமான கே2 இமயமலையில்தானே இருக்கிறது என்று ஒருவர் கேட்கிறார். இல்லை, காரகோரத்தில். சிந்து ஆற்றுக்கு வடக்கே. வழக்கமாக இமயம் என்று எண்ணப்படுவது மேற்கே நங்கபர்பத்திலிருந்து கிழக்கே நம்சா பர்வா வரை, சுமார் 2,400 கிலோமீட்டர். மேற்கு முனையைச் சிந்து சுற்றி வளைகிறது, கிழக்கு முனையைப் பிரம்மபுத்திரா சுற்றி வளைகிறது. ஆறுகளே எல்லைக் கல் நட்டதுபோல.

ஜூன் 10, இரவு 10:15

பாலக்காட்டுக் கணவாய் பற்றிக் கேட்டவர்களுக்கு. 30 கிலோமீட்டருக்கு மேல் அகலம், இருபுறமும் 2,000 மீட்டர் மலைகள், நடுவில் 150 மீட்டருக்கும் குறைந்த வாசல். ஆறு ஒன்று வெட்டியது என்று சொல்ல முடியாத அளவு அகலம். பாரதப்புழா அவ்வளவு பெரிய ஆறில்லை. அந்த இடத்தில் பாறையே மிகப் பழைய காலத்தில் நொறுங்கி அரைபட்ட பட்டையாக இருக்கிறது. பலவீனமான இடம் முதலில் கரைந்தது. வாளையாறு வழியாக ரயிலில் வந்தால் ஜூன் மாதக் காற்று கதவை அறைவதில் அதை உணரலாம். பல்லடம், உடுமலை காற்றாலைகள் அந்த வாசலை நம்பி நிற்பவை. தெற்கே ஆரல்வாய்மொழியிலும் அதே கதை. செங்கோட்டைக் கணவாய் இவ்வளவு அகலம் இல்லை, ஆனால் குற்றாலத்துச் சாரலுக்கு அந்தச் சின்னத் திறப்பே போதும்.

ஜூன் 12, இரவு 1:05

தூக்கம் வரவில்லை. முதல் குறிப்பில் இன்னொரு பிழை இருக்கிறது, இதுவரை யாரும் சொல்லவில்லை.

மடகாஸ்கர் பிரிந்தது 8.8 கோடி ஆண்டுகளுக்கு முன். கர்ஜத்துக்கு மேலே உள்ள பாறை வழிந்தது 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன். பிய்ந்தபோது இல்லாத பாறையில் பிய்ந்த ஓரம் எப்படி இருக்கும்? இரண்டு எண்ணையும் நானே ஒரே மூச்சில் எழுதினேன், பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கவில்லை.

வடக்கே பிரிந்தது வேறு துண்டு: இந்தியப் பெருங்கடலில் உள்ள செஷல்ஸ் தீவுகள். எரிமலைக் குழம்பு வழிந்து முடிந்த கையோடு அது இந்தியாவின் மேற்குக் கரையிலிருந்து கழன்று போனது. அங்குள்ள மாஹே தீவில் கடற்கரை ஓரமாக உருண்டு திரண்டு கிடக்கும் கருங்கல் பாறைகள் எரிமலைத் தீவுக்குரியவை அல்ல. பெரிய நிலத்திலிருந்து உடைந்த கண்டத்துண்டு. ஆக மும்பைக்கு எதிரே செஷல்ஸ், கேரளத்துக்கு எதிரே மடகாஸ்கர். ஒரே மலை என்று நாம் கோடு போடுவது இரண்டு வேறு காலங்களில் நடந்த பிரிவுகளின் ஓரம். பிரிந்த கோட்டிலேயே மலை நிற்கவில்லை. கடலோரத்திலிருந்து அரித்து அரித்து உள்ளே தள்ளி வந்திருக்கிறது. அதனால்தான் நமக்குக் கொங்கணமும் மலபாரும் கிடைத்தன.

மடகாஸ்கரின் கிழக்குக் கரையிலும் இதேபோல நீண்ட சரிவு நிற்கிறது, எங்களைப் பார்த்தபடி.

ஜூன் 12, மாலை 5:30

இந்த வகை மலைகள் உலகத்தில் வேறெங்கே என்று கேட்டிருக்கிறார் அதே மாணவி. உங்கள் அட்லஸில் தெற்குக் கண்டங்களின் ஓரங்களைப் பாருங்கள்.

பிரேசிலில் செர்ரா தோ மார். சாண்டோஸ் துறைமுகம் கடல்மட்டத்தில், சாவோ பாவ்லோ நகரம் சுமார் 760 மீட்டரில், நடுவே சுவர். 1867-இல் அங்கே ரயில் விட்டபோது கம்பிவடம் கட்டி இழுத்து ஏற்றினார்கள். போர் காட் திறந்து நான்கே வருடம். அங்கே டியட்டே என்று ஓர் ஆறு. கடலிலிருந்து 22 கிலோமீட்டரில் பிறந்து, கடலுக்கு முதுகு காட்டி, ஆயிரம் கிலோமீட்டருக்கு மேல் உள்நாட்டுக்குள் ஓடிப் பரானா ஆற்றில் கலக்கிறது. கோதாவரியின் அக்கா தங்கை என்றே சொல்வேன்.

தென்னாப்பிரிக்காவில் டிராகன்ஸ்பர்க். மேலே எரிமலைப் பாறை, 18 கோடி வயது, வரிவரியாக. தென்னாப்பிரிக்கா சூழ்ந்த லெசோத்தோ நாட்டில் உள்ள அதன் உச்சி 3,482 மீட்டர். ஆரஞ்சு ஆறு அங்கே இந்தியப் பெருங்கடல் பக்கமாகப் பிறந்து, கண்டத்தைக் குறுக்கே கடந்து அட்லாண்டிக்கில் போய் விழுகிறது.

ஆண்டிஸை இந்தப் பட்டியலில் சேர்க்காதீர்கள். வெனிசுவேலாவிலிருந்து சிலி, அர்ஜென்டினா வரை ஏழு நாடுகளில் 7,000 கிலோமீட்டர். கடல்தட்டு கண்டத்தின் அடியில் நுழைந்துகொண்டே இருப்பதால் எழுந்தது. பிரேசில் ஓரமும் ஆண்டிஸும் ஒரே கண்டத்தின் இரண்டு கரைகள். ஒன்று விலகிய கரை, மற்றது மோதும் கரை. தேர்வில் இந்த ஒப்பீடு வந்தால் கோதாவரியையும் டியட்டேயையும் சேர்த்து எழுதுங்கள்.

ஜூன் 16, இரவு 8:20

நேற்று நாகர்கோவிலில் ஒரு கல்யாணம். காலையில் நேரம் இருந்தது, மருத்துவாழ் மலைக்குப் போனேன். மேற்குத் தொடர்ச்சியின் தென்கோடி என்று சொல்வார்கள். சின்ன மலைதான். ஏறி உட்கார்ந்தபோது வலது பக்கம் கடல், பின்னால் தூரத்தில் பெரிய மலை மேகத்துக்குள். நடுவில் தென்னையும் வயலும் குளமும். தொடர்ச்சி எங்கே அறுந்தது என்று கண்ணால் தேடினேன். காலுக்குக் கீழே இருந்த பாறையில் கை வைத்துப் பார்த்தேன். வெயில் ஏறாத நேரம், சில்லென்று இருந்தது.

கூட வந்த மைத்துனர் மகன், "மாமா, இதற்கு அப்புறம் கடலுக்கு அடியில் போகிறதா?" என்று கேட்டான். இலங்கையின் நடுமலைப் பாறைகளும் நம் தெற்குப் பாறைகளுக்கு உறவு, அங்கேயும் சார்னோகைட் உண்டு, அங்குள்ள மிக உயர்ந்த சிகரம் பிதுருதாலகால 2,524 மீட்டர் என்று சொன்னேன். அவன் உடனே போனில் வரைபடத்தைத் திறந்து, கன்னியாகுமரியிலிருந்து விரலை இழுத்துக்கொண்டு போனான்.